சிந்திய கதிர்களும் காணும் கண்களும்: அன்யேஸ் வார்தாவின் திரைப்பணி பற்றிய ஒரு மதிப்பீடு

இறையியல் இதழ் ஒன்றில் திரைப்படத் திறனாய்வுக்கு இடம் உண்டா என்னும் வினா அவ்வப்போது எழுகிறது. நாவலையும் கவிதையையும் பற்றிய கட்டுரைகளை மகிழ்வுடன் ஏற்கும் நம்மில் பலர், திரைப்படம் என்றதும் தயங்குகிறோம். இத்தயக்கம் காரணமற்றது என்று சொல்லிவிட முடியாது. பெருமுதலீட்டில் உருவாகும் படங்களுள் மிகப்பல, பார்ப்பவர் தம்மையும் தம் அயலாரையும் இரண்டு மணி நேரம் மறந்திருப்பதையே விரும்புகின்றன. ஆயினும் இதற்கு மாறான பணியைச் செய்யும் படங்களும் உண்டு. நாம் பாராமல் கடந்து செல்லும் மனிதரை நம் முன் நிறுத்திக் காணச் செய்யும் படங்கள் அவை. அத்தகைய படங்களை அறுபது ஆண்டுகளுக்கு மேலாகத் தாமே எழுதி, தாமே இயக்கி, பெரும்பாலும் தம் சொந்தச் சிறு நிறுவனத்தின் வாயிலாகவே வெளியிட்டவர் பிரான்சு நாட்டுத் திரைக் கலைஞர் அன்யேஸ் வார்தா (1928–2019). அவருடைய முக்கியமான படைப்புகளை ஆராய்ந்து, அவை நம் பணியை நோக்கி எழுப்பும் வினா ஒன்றை முன்வைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

தொடக்கத்திலேயே ஒன்றைத் தெளிவுபடுத்திவிடுவது நல்லது. வார்தா தம் படங்களைச் சமயப் படங்களாக முன்வைத்தவர் அல்லர். அவற்றுக்கு நாம் ஞானஸ்நானம் கொடுக்க முற்படுவது அவருக்கு நியாயம் செய்வதாகாது, நமக்கும் நேர்மையாகாது. 1971ஆம் ஆண்டில், கருக்கலைப்பைக் குற்றமாக்கிய பிரெஞ்சுச் சட்டத்தை எதிர்த்து 343 பெண்கள் வெளியிட்ட அறிக்கையில் கையொப்பமிட்டவர்களுள் அவரும் ஒருவர். இப்பொருளில் நம் வாசகரிடையே கருத்து வேற்றுமைகள் உண்டு. அவற்றை மறைத்துவிட்டு, நமக்கு உவப்பானவற்றை மட்டும் எடுத்துக்கொண்டு அவரைப் பாராட்டுவது திறனாய்வு ஆகாது. அவர் தம் கலையில் எதைக் கண்டார், எவ்வாறு கண்டார் என்பதையே நாம் கேட்க வேண்டும்.

1. வாழ்க்கையும் தொழிலும்

வார்தா 1928ஆம் ஆண்டு மே 30ஆம் நாள் பெல்ஜியத்தின் தலைநகராகிய பிரசல்ஸின் ஒரு பகுதியில் பிறந்தார். தந்தை கிரேக்கர், தாய் பிரெஞ்சுப் பெண்மணி. 1940இல் போரினால் பெயர்ந்த குடும்பம், தென் பிரான்சின் கடற்கரை நகரமாகிய சேத்தில் ஒரு படகையே வீடாகக் கொண்டு வாழ்ந்தது. பின்னர்ப் பாரிஸில் கலை வரலாறும் புகைப்படக் கலையும் பயின்ற வார்தா, ழான் விலார் என்பவர் நடத்திய தேசிய மக்கள் நாடக அரங்கின் புகைப்படக்காரராகப் பணியாற்றினார். திரைப்படக் கல்லூரி எதிலும் அவர் பயிலவில்லை. எந்த இயக்குநரிடமும் உதவியாளராக இருந்ததும் இல்லை.

இத்தகைய ஒருவர் தம் இருபத்தாறாம் வயதில், 1954இல், 'லா புவாந்த் கூர்த்' என்னும் முதற்படத்தை எடுக்கத் துணிந்தார். இது சேத் நகரின் மீனவக் குடியிருப்பு ஒன்றின் பெயர். பணம் இல்லாமையால் நடிகரும் தொழிலாளரும் முன்கூலி பெறாது, பங்குதாரராகச் சேர்ந்து உழைத்தனர். படத்தைத் தயாரிப்பதற்கென்றே வார்தா தொடங்கிய 'தமாரிஸ்' நிறுவனம் பின்னர் 'சினே-தமாரிஸ்' எனப் பெயர் பெற்று, அவர் வாழ்நாள் முழுவதும் நிலைத்தது. பாரிஸின் தாகேர் வீதியில் அவர் குடியிருந்த வீடே அலுவலகமாகவும் படத்தொகுப்புக் கூடமாகவும் விளங்கியது. சுதந்திரத் திரைப்படம் என்று நாம் கூறுவதன் பொருள் இதுவே. பெரு நிறுவனங்களின் பணத்தையும் அப்பணத்துடன் வரும் கட்டளைகளையும் தவிர்த்து, குறைந்த வசதியில் நிறைந்த உரிமையோடு உழைப்பது என்பது இதன் சாரம்.

'லா புவாந்த் கூர்த்'தில் இரண்டு இழைகள் மாறி மாறி வருகின்றன. ஒன்று, பாரிஸிலிருந்து வந்த கணவனும் மனைவியும் தம் மணவாழ்வு நிலைக்குமா என்று பேசி நடக்கும் கதை. மற்றது, அவ்வூர் மீனவரின் அன்றாட வாழ்வு. சிப்பி எடுக்கும் நீரில் மாசு உண்டெனத் தடை விதிக்கும் அதிகாரிகள், நோயுற்று இறக்கும் ஒரு குழந்தை, நீர் விளையாட்டு விழா ஆகியவை இவ்விழையில் இடம்பெறுகின்றன. மீனவராக நடித்தவர்கள் அவ்வூர் மக்களே. இவ்விரு இழைகளும் ஒன்றோடொன்று கலப்பதில்லை. தம்பதியரின் துயரம் மீனவரின் துயரத்திற்கு விளக்கமாகவும் ஆக்கப்படவில்லை. தனி மனிதரின் உள்ளமும் ஊரின் உழைப்பும் அருகருகே வைக்கப்படுகின்றன. பொருள் காணும் பொறுப்பு பார்ப்பவரிடம் விடப்படுகிறது. துருஃபோ, கொதார் முதலியோரால் 1959, 1960ஆம் ஆண்டுகளில் உலகறிந்த 'புதிய அலை' இயக்கத்திற்கு இப்படம் முன்னோடி என்பதைத் திரைப்பட வரலாற்றாசிரியர் பலர் பின்னர் ஏற்றுக்கொண்டனர்.

வார்தா தம் முறைக்குத் 'திரையெழுத்து' எனப் பொருள்படும் ஒரு பிரெஞ்சுச் சொல்லைத் தாமே ஆக்கிக்கொண்டார். உரையாடலை எழுதுவது மட்டும் எழுத்தன்று. எந்த ஊர், எந்தப் பருவம், காமிரா எத்திசையில் நகர வேண்டும், எங்கே வெட்ட வேண்டும், எங்கே இசை ஒலிக்க வேண்டும் என்று முடிவு செய்வதும் எழுத்தே என்பது அவர் கருத்து. மறையுரையாற்றுவோர் இதனை எளிதில் உணரலாம். நாம் சொல்வது மட்டுமன்று, சொல்லும் வரிசையும் விடும் இடைவெளியும் மறையுரையின் பகுதிகளேயாம்.

2. பார்க்கப்படுதலும் பார்த்தலும்

1962இல் வெளிவந்த 'ஐந்து முதல் ஏழு வரை கிளேயோ' வார்தாவுக்கு நிலையான புகழைத் தந்தது. ஜூன் 21ஆம் நாள் மாலை, தனக்குப் புற்றுநோய் உண்டோ என்னும் சோதனையின் முடிவை எதிர்பார்த்துக் காத்திருக்கும் ஓர் இளம் பாடகியின் ஏறக்குறைய ஒன்றரை மணி நேரத்தை இப்படம் காட்டுகிறது. படத்தின் முற்பகுதியில் கிளேயோ பார்க்கப்படுபவளாகவே இருக்கிறாள். கண்ணாடிகள், தொப்பிக் கடை, காதலன், இசையமைப்பாளர் என எங்கும் அவளை நோக்கும் கண்களே நிறைந்துள்ளன. தன் அழகு இருக்கும்வரை தான் உயிரோடிருப்பதாக அவள் எண்ணுகிறாள். பாட்டொன்றைப் பயிலும்பொழுது அச்சம் அவளை மேற்கொள்கிறது. பொய்முடியைக் கழற்றி எறிந்துவிட்டுத் தெருவில் இறங்கி நடக்கிறாள். அப்பொழுதிலிருந்து பார்க்கப்பட்டவள் பார்ப்பவளாகிறாள். உணவு விடுதியில் அமர்ந்திருப்போர், வழிப்போக்கர், கண்ணிழந்தவர் ஒருவர் எனப் பிற முகங்கள் அவள் கண்ணில் படத் தொடங்குகின்றன.

பூங்கா ஒன்றில் அவள் அல்ஜீரியப் போரிலிருந்து விடுப்பில் வந்து அன்றே திரும்பவிருக்கும் படைவீரன் ஒருவனைச் சந்திக்கிறாள். அவனும் மரணத்தை எதிர்நோக்குபவனே. இருவரும் பேருந்தில் மருத்துவமனைக்குச் செல்கின்றனர். மருத்துவர் தம் காரில் இருந்தவாறே இரண்டு மாதச் சிகிச்சை தேவை என்று சொல்லிவிட்டுப் போய்விடுகிறார். இத்தகைய செய்தியை இவ்வாறு சொல்லலாகாது என்று நாம் எண்ணுகிறோம். ஆனால் அதற்குள் கிளேயோவின் அச்சம் குறைந்துவிட்டது. நோய் நீங்கவில்லை, தனிமை நீங்கியிருக்கிறது. நோயுற்றோரைச் சந்திக்கச் செல்லும் ஆயர்கள் இப்படத்தைப் பார்ப்பது பயனுடையது. ஆறுதல் என்பது நோயாளியிடம் எதையேனும் சொல்வதில் மட்டும் அடங்கியதன்று. அவர் பிறரைக் காணத்தக்க நிலைக்கு வரும்வரை உடன் நடப்பதும் ஆறுதலே என்று இப்படம் உணர்த்துகிறது. 2022இல் பிரிட்டனின் 'சைட் அண்டு சவுண்டு' இதழ் திறனாய்வாளரிடம் நடத்திய வாக்கெடுப்பில் உலகின் சிறந்த படங்களுள் இது 14ஆம் இடம் பெற்றது.

1965இல் வந்த 'மகிழ்ச்சி' என்னும் படம் நம்மை அமைதியாக இருக்கவிடாது. இளம் தச்சன் ஒருவன், அன்பான மனைவி, இரு குழந்தைகள், ஞாயிறுதோறும் சோலையில் உல்லாசம், மொசார்ட்டின் இசை என எல்லாம் ஒளிமயமாக இருக்கின்றன. அவன் வேறொரு பெண்ணையும் நேசிக்கிறான். தன் மகிழ்ச்சி பெருகியதேயன்றி எவர் பங்கும் குறையவில்லை என்று மனைவியிடம் கூறுகிறான். அவள் அதை ஏற்பதுபோல் தோன்றுகிறாள். சற்று நேரத்தில் நீரில் மூழ்கி இறந்து கிடக்கிறாள். அது விபத்தா, தற்கொலையா என்று படம் கூறுவதில்லை. இலையுதிர் காலம் வருகிறது. இரண்டாம் பெண் அதே வீட்டில் அதே வேலைகளைச் செய்கிறாள். அதே குழந்தைகளை உறங்க வைக்கிறாள். அதே சோலைக்குச் செல்கிறாள். வண்ணங்கள் இன்னும் அழகாகவே இருக்கின்றன.

ஆசிரியர் எவ்விடத்திலும் கண்டிக்கவில்லை என்பதால் இப்படத்தை ஒழுக்கக்கேடானது என்று கருதியோர் உண்டு. நாம் அக்கருத்தை ஏற்கவில்லை. மனைவி என்னும் இடம் இருக்கிறது, அவ்விடத்தில் எவர் இருந்தாலும் போதும் என்று நம்பும் ஓர் இல்லறத்தின் கொடுமையை, அவ்வில்லறத்தின் இனிமையைக் கொண்டே வார்தா காட்டுகிறார். கண்டன வசனம் ஒன்று இருந்திருந்தால் நாம் அதனோடு தலையசைத்து நிம்மதியாக எழுந்து சென்றிருப்போம். மனைவியின் சேவையை வானளாவப் புகழ்ந்து, அவளுடைய பெயரை ஒருமுறையும் சொல்லாத பாராட்டுரைகள் நம் மேடைகளிலும் அரிதல்ல.

3. சாட்சிகள் சொல்வதும் சொல்லாததும்

வார்தாவின் கதைப் படங்களுள் தலைசிறந்தது 1985இல் வெனிஸ் விழாவில் தங்கச் சிங்கப் பரிசு பெற்ற 'கூரையுமில்லை, சட்டமுமில்லை' என்பது நம் முடிவு. தென் பிரான்சில் குளிர்காலக் காலையொன்றில் இளம் பெண் ஒருத்தியின் உறைந்த உடல், பள்ளமொன்றில் கிடப்பதைப் பண்ணைத் தொழிலாளி ஒருவர் காண்கிறார். இயற்கை மரணம் என்று காவலர் குறித்துக்கொள்கின்றனர். உரிமை கோருவோர் எவரும் இல்லை. பின்னர்ப் படம் பின்னோக்கிச் சென்று, மோனா என்னும் அப்பெண்ணை இறுதி வாரங்களில் சந்தித்தவர்களின் சாட்சியங்களைத் தொகுக்கிறது. மோனாவாக நடித்த சாந்த்ரின் பொன்னேர் அப்பொழுது பதினேழு வயதினர்.

மோனா நம் இரக்கத்தை எளிதில் பெறும் ஏழை அல்லள். குளிப்பதில்லை, நன்றி சொல்வதில்லை, கொடுத்த வேலையைச் செய்வதில்லை, வாய்ப்புக் கிடைத்தால் திருடவும் செய்கிறாள். அவள் ஏன் இவ்வாறு ஆனாள் என்பதற்கு, அலுவலக வேலையை விட்டு வந்தவள் என்னும் சிறு குறிப்பைத் தவிர, விளக்கம் எதையும் வார்தா தரவில்லை. கொடிய தந்தையோ, ஏமாற்றிய காதலனோ கதையில் இல்லை. உதவிக்குத் தகுதியுள்ள ஏழை, தகுதியற்ற ஏழை என்று பிரித்துப் பழகிய நம் மனத்திற்கு இது பெரும் இடையூறு.

சாட்சிகள் ஒவ்வொருவரும் மோனாவைப் பற்றிச் சொல்லும்பொழுது தம்மைப் பற்றியே சொல்கின்றனர். மெய்யியல் கற்று, நகரத்தைத் துறந்து, ஆடு மேய்த்து வாழும் ஒருவர் அவளுக்குச் சிறிது நிலமும் தங்க இடமும் தருகிறார். அவள் உழைக்கவில்லை என்றதும் அனுப்பிவிடுகிறார். சுதந்திரத்தைத் தேடித் தாம் வகுத்த வழியில் அவளும் நடக்க வேண்டுமென அவர் எதிர்பார்த்தார். திராட்சைத் தோட்டத்தில் உழைக்கும் துனீசியத் தொழிலாளி ஒருவர் அவளைத் தங்கச் சொல்கிறார். ஊரிலிருந்து திரும்பிய உடன்தொழிலாளர் மறுத்ததும் தம் வாக்கைக் காக்க இயலாது போகிறார். சாட்சி சொல்லும் முறை வந்தபொழுது அவர் ஒரு வார்த்தையும் பேசுவதில்லை. அவள் விட்டுச் சென்ற துணியை முகத்தருகே கொண்டு செல்கிறார். படத்திலுள்ள சாட்சியங்களுள் உண்மையானது இம்மௌனமே என்று நமக்குத் தோன்றுகிறது.

மர நோய்களை ஆராயும் பேராசிரியை ஒருவர் அவளைத் தம் காரில் ஏற்றிச் சென்று, உணவளித்து, பின்னர் வழியில் இறக்கிவிடுகிறார். மின்சாரம் தாக்கித் தாமே சாவின் விளிம்பைத் தொட்ட பின்னரே, அப்பெண்ணைக் குளிரில் விட்டுவந்தது அவர் நினைவுக்கு வருகிறது. தேடிச் செல்லுமாறு தம் உதவியாளரை அனுப்புகிறார். உதவியாளர் அவளைக் காண்கிறார். அருவருப்பும் அச்சமும் கொண்டு திரும்பிவிடுகிறார். நல்ல சமாரியன் உவமையைப் போதிக்கும் நாம், பக்கம் விலகிச் சென்ற ஆசாரியனும் லேவியனும் கொடியவராக இருந்திருக்க வேண்டுமென எளிதில் கருதிக்கொள்கிறோம். இவ்வுதவியாளர் கொடியவர் அல்லர். நம்மைப் போன்ற படித்த, மென்மையான மனிதர். அவளோடு உண்மையாகச் சிரித்து மகிழ்ந்தவர், வேலைக்காரியின் பாதுகாப்பில் வாழும் பார்வை மங்கிய மூதாட்டி ஒருவர் மட்டுமே. அவர் அவளைத் திருத்த முயலவில்லை. சேர்ந்து அருந்திச் சிரித்தார்.

காமிராவின் நகர்வு பற்றியும் ஒரு சொல் கூற வேண்டும். ஏறக்குறைய ஒரு டஜன் இடங்களில் காமிரா, மோனா நடக்கும்பொழுது வலமிருந்து இடமாக, அதாவது நாம் எழுத்தைப் படிக்கும் திசைக்கு எதிராக, நீண்டு நகர்கிறது. சிறிது தூரம் அவளுடன் சென்று, பின் அவளை விட்டுவிட்டு உழவுக் கருவி போன்ற ஏதேனும் ஒரு பொருளில் நிற்கிறது. அவளை நாம் முழுதும் பின்தொடர இயலாது. அவள் நம் அறிவுக்குள் அடங்குபவள் அல்லள் என்பதை உரையாடலின்றியே இந்நகர்வு உணர்த்துகிறது. உறவினர் ஒருவரும் வராத அடக்க ஆராதனையை நம்மில் பலர் நடத்தியிருக்கிறோம். இறந்தவரைப் பற்றி ஒன்றும் அறியாத நிலையில், எதையேனும் சொல்லி நிரப்ப வேண்டும் என்னும் நெருக்கடியை நாம் அறிவோம். அவ்வேளையில் அறியாமையை மதிப்புடன் ஏற்பதும் ஓர் அன்புச் செயலே என்று இப்படம் கற்பிக்கிறது.

4. பொறுக்குதல்: இரக்கமா, உரிமையா?

அறுப்பின் பண்டிகைதோறும் நாம் வாசிக்கும் பகுதிகளுள் லேவியராகமம் 19, 23ஆம் அதிகாரங்களும், உபாகமம் 24ஆம் அதிகாரமும், ரூத்தின் வரலாறும் அடங்கும். வயலின் ஓரத்தையும் சிந்திய கதிரையும் எளியோருக்கும் அந்நியருக்கும் விட்டுவிட வேண்டும் என்பது அக்கட்டளை. இது பழங்காலத்து உழவு முறை ஒன்றைப் பற்றியது, இன்றைக்கு அதன் ஆவிக்குரிய கருத்தே போதும் என்று எண்ணுவோர், வார்தா 2000ஆம் ஆண்டில் வெளியிட்ட 'பொறுக்குவோரும் பொறுக்குபவளும்' என்னும் ஆவணப் படத்தைக் காண வேண்டும். அப்பொழுது அவருக்கு வயது 72. கையடக்கமான டிஜிட்டல் காமிராவைத் தாமே ஏந்தி, பிரான்சு முழுவதும் சுற்றி எடுத்த படம் இது.

மூன்று பெண்கள் குனிந்து கதிர் பொறுக்கும் மில்லேயின் 1857ஆம் ஆண்டு ஓவியத்திலிருந்து படம் தொடங்குகிறது. பின்னர் நிகழ்காலத்திற்கு வருகிறது. இயந்திரத்தால் அகழ்ந்த உருளைக்கிழங்குகளில், கடைக்குக் குறித்த அளவினும் பெரியவை, சிறியவை, உருவம் கோணியவை யாவும் வண்டி வண்டியாக வயலில் கொட்டப்படுகின்றன. அவற்றைச் சிலர் பைகளில் பொறுக்குகின்றனர். வேலையையும் குடும்பத்தையும் இழந்து கூண்டு வண்டியில் வாழும் ஒருவர் அவர்களுள் உள்ளார். கடையில் விலைபோகாத, இதய வடிவில் அமைந்த கிழங்குகளை வார்தா தம் வீட்டிற்கு எடுத்துச் செல்கிறார்.

இப்படத்தின் நடுநாடியாக அமைவது சட்டம் பற்றிய ஆராய்ச்சியாகும். கருப்பங்கி அணிந்த வழக்கறிஞர் ஒருவர் சட்டப் புத்தகத்துடன் வயலில் நின்று, 1554ஆம் ஆண்டின் அரசாணை முதல் பிரான்சில் அறுவடைக்குப்பின் பொறுக்கும் உரிமை சட்டத்தில் இடம்பெற்றிருப்பதை விளக்குகிறார். அறுவடை முடிந்த பின்னர், கதிரவன் எழுவது முதல் மறைவது வரை பொறுக்கலாம். ஆயினும் உரிமை ஏட்டில் இருப்பது வேறு. நிலத்தில் இருப்பது வேறு. சில திராட்சைத் தோட்ட உரிமையாளர் பொறுக்குவோரை விடுவதில்லை. மீந்த கனி தரையில் அழுகுகிறது. புயலுக்குப்பின் ஒதுங்கும் சிப்பிகளைப் பொறுக்கக் கடற்கரையில் எவ்வளவு தூரம் நெருங்கலாம், எத்தனை கிலோ எடுக்கலாம் என்று வார்தா கேட்கிறார். ஒவ்வொருவரும் ஒவ்வோர் எண்ணைச் சொல்கின்றனர். அங்காடி ஒன்றின் மேலாளர், குப்பைத் தொட்டியிலுள்ள உணவை எவரும் எடுத்து உண்ணாதிருக்க வெளுப்பு மருந்தை அதன்மேல் ஊற்றிவிடுகிறார். தொட்டியைக் கிளறிய இளைஞர் நீதிமன்றத்தில் நிற்கின்றனர். பிரான்சு நாட்டில் 400 சதுர மீட்டருக்கு மேற்பட்ட உணவங்காடிகள் விற்காத நல்லுணவை அழிப்பதைத் தடுத்து, தொண்டு நிறுவனங்களுக்கு அளிக்க ஒப்பந்தம் செய்ய வேண்டுமெனச் சட்டம் வந்தது 2016இல்தான்.

இங்கே நாம் கவனிக்க வேண்டிய இறையியல் பொருள் ஒன்று உண்டு. லேவியராகமக் கட்டளை நில உரிமையாளரைக் கொடை கொடுக்கச் சொல்லவில்லை. எடுத்துக்கொள்ளாதே என்று சொல்கிறது. வயலின் ஓரம் முதலிலிருந்தே அவனுக்குரியதன்று. ஆதலின் பொறுக்குபவர் எவருக்கும் நன்றிக் கடன்பட்டவர் அல்லர். போவாஸின் நற்குணத்தைப் புகழும் நம் மறையுரைகள் பல, ரூத் வயலுக்கு வந்தது அவன் இரக்கத்தால் அன்று, கட்டளை அளித்த உரிமையால் என்பதை மறந்துவிடுகின்றன. வார்தாவின் படத்தில் தலைநிமிர்ந்து பேசுவோர், தாம் செய்வது உரிமை என்று அறிந்தவரே. அவர்கள் பிச்சை கேட்கவில்லை.

அவர்களுள் ஒருவர் தனித்து நிற்கிறார். பாரிஸில் சந்தை முடிந்த பின்னர்த் தரையில் கிடக்கும் காய், கீரை, ரொட்டி ஆகியவற்றை நின்றவாறே உண்ணும் ஒருவரை வார்தா பலமுறை கண்டு, மெல்ல நெருங்கிப் பேசுகிறார். அவர் உயிரியலில் முதுகலைப் பட்டம் பெற்றவர்; தெருவில் இதழ் விற்று வாழ்பவர். அவர் தங்கும் விடுதியில் மாலி, செனகல் நாடுகளிலிருந்து வந்தோர் மிகுதி. மாலை வேளைகளில் அவர்களுக்கு ஊதியமின்றிப் பிரெஞ்சு மொழி கற்பிக்கிறார். பலகையில் எழுதி, பொறுமையாக உச்சரித்துக் காட்டுகிறார். தரையிலிருந்து எடுத்து உண்பவர், எதிர்பார்ப்பின்றிக் கொடுப்பவராகவும் இருக்கிறார். பெறுவோர், கொடுப்போர் என மக்களை இரண்டாகப் பிரிக்கும் நம் தொண்டுத் திட்டங்களுக்கு இக்காட்சி பெருங்கேள்வியாகும்.

5. குறைகள்

வார்தாவின் எல்லாப் படைப்புகளும் இத்தரத்தன அல்ல. 1977இல் வந்த 'ஒருத்தி பாடுகிறாள், மற்றவள் பாடவில்லை' என்னும் படத்தில் நட்பின் சித்திரிப்பு சிறந்திருப்பினும், பாடல்கள் முழக்கங்களாக மாறும் இடங்களில் மனிதர் பின்னுக்குப் போய்விடுகின்றனர். திரைப்படத்தின் நூற்றாண்டையொட்டி 1995இல் பெரும் நடிகர் கூட்டத்துடன் எடுத்த 'நூற்றியோர் இரவுகள்' வெற்றி பெறவில்லை. அதில் வார்தாவின் கண் புகழ்பெற்றோரை நோக்கித் திரும்பியிருந்தது. அக்கண்ணுக்கு அங்கே வேலையில்லை. இதற்கு மாறாக, சிறு குழந்தையை வைத்துக்கொண்டு வீட்டை விட்டு நெடுந்தூரம் செல்ல இயலாத காலத்தில், தம் வீட்டு மின்சாரக் கம்பி எட்டும் தூரத்துக்குள் இருந்த ரொட்டிக் கடைக்காரர், இறைச்சிக் கடைக்காரர், தையற்காரர் ஆகியோரைப் பற்றி 1975இல் அவர் எடுத்த ஆவணப் படம் இன்றும் வாடாதிருக்கிறது. 2017இல் இளம் கலைஞர் ஒருவரோடு சேர்ந்து எடுத்த 'முகங்களும் ஊர்களும்' இனிமையானது. எனினும் எளிய மக்களின் முகங்களைச் சுவரளவு பெரிதாக்கி ஒட்டிவிட்டு அடுத்த ஊருக்குச் செல்லும் அதன் போக்கில், அம்மக்கள் சொல்வதைக் கேட்கும் நேரம் சில இடங்களில் குறைந்துவிடுகிறது.

இவற்றினும் கடினமான குறை ஒன்று, அவருடைய சிறந்த படத்திலேயே உள்ளது. 'பொறுக்குபவள்' என்று தலைப்பில் ஒருமையில் வருவது வார்தாவே. பிறர் கதிரையும் கிழங்கையும் பொறுக்குவதுபோல் தாம் படிமங்களைப் பொறுக்குவதாக அவர் கூறுகிறார். முதுமையால் சுருங்கிய தம் கையையும் நரைத்த முடியையும் படத்தில் இடையிடையே காட்டுகிறார். இவ்வொப்புமை அழகானது, ஆனால் அது முழுதும் உண்மையா? பசிக்காகப் பொறுக்குவதும் கலைக்காகப் பொறுக்குவதும் ஒன்றாகுமா? படம் பரிசுகள் பெற்றது. பொறுக்கியவர் மறுநாளும் சந்தைத் தரையில் குனிந்தார்.

இக்குற்றச்சாட்டை முதலில் எழுப்பியவர்கள் திறனாய்வாளர் மட்டும் அல்லர். 2002இல் வார்தா 'இரண்டு ஆண்டுகள் கழித்து' என்னும் தொடர்ச்சிப் படத்தை எடுத்தார். முதற்படத்தில் இடம்பெற்றோரைத் தேடிச் சென்று, அவர்கள் எவ்வாறு உள்ளனர் என்றும், படத்தைப் பற்றி என்ன நினைக்கின்றனர் என்றும் கேட்டார். மாலையில் மொழி கற்பிக்கும் அம்மனிதர், படம் நன்றாயிருப்பினும், வார்தா தம்மைப் பற்றியே காட்டிக்கொண்ட பகுதிகள் தேவையற்றவை என்று முகத்துக்கு நேரே கூறினார். வார்தா அதை வெட்டவில்லை, படத்திலேயே வைத்தார். அவர் மீதான நம் ஐயத்தை இச்செயல் முழுதும் நீக்குகிறது என்று சொல்லமாட்டோம். ஆனால் பிறர் வாழ்விலிருந்து எடுத்துக்கொண்டவர் செய்யக்கூடிய நேர்மையான செயல் இதுவே. அவர் திரும்பிச் சென்றார். தம்மைப் பற்றி அவர்கள் சொல்வதைக் கேட்டார். அதை வெளிப்படையாக வைத்தார்.

6. நமக்குரிய வினா

வார்தாவுக்குப் பெரும் மதிப்புகள் காலம் தாழ்த்தியே வந்தன. 2015இல் கான் விழாவின் கௌரவத் தங்க ஓலையும் 2017இல் கௌரவ ஆஸ்கார் விருதும் பெற்ற முதல் பெண் இயக்குநர் அவரே. 2018இல் கான் விழாவின் படிகளில் 82 பெண்கள் நின்றபொழுது அறிக்கை வாசித்தவர்களுள் அவரும் ஒருவர். 1946 முதல் அவ்விழாவின் போட்டிப் பிரிவில் இடம்பெற்ற பெண் இயக்குநர்களின் எண்ணிக்கையையே அந்த 82 குறித்தது. 2019ஆம் ஆண்டு மார்ச் 29ஆம் நாள், தம் தொண்ணூறாம் வயதில் பாரிஸில் காலமானார்.

அவர் பணியிலிருந்து நாம் கற்றுக்கொள்வது திரைப்பட நுணுக்கம் மட்டுமன்று. மறையுரையாற்றும் ஒவ்வொருவரும் பொறுக்குபவரே. மருத்துவமனையில் கேட்ட கதறலையும், வீடு சந்திக்கச் சென்றபொழுது கண்ட வறுமையையும், கல்லறை முற்றத்தில் ஒரு தாய் சொன்ன சொல்லையும் நாம் மனத்தில் எடுத்துவருகிறோம். ஞாயிறன்று அவற்றை எடுத்துக்காட்டாக வழங்குகிறோம். சபையார் கண் கலங்குகின்றனர். நம் மறையுரை சிறந்ததென்று கைகுலுக்குகின்றனர். அக்கதைக்குரியவர் பின் வரிசையில் அமர்ந்திருக்கலாம். அல்லது வராமலே இருக்கலாம். அவரிடம் நாம் அனுமதி கேட்டோமா? அவர் வாழ்வை நம் கருத்துக்கு ஏற்றவாறு வெட்டிக்கொண்டோமா? மோனாவைப் பற்றிச் சாட்சி சொன்னோர் போல், அவரைப் பற்றிப் பேசுவதாக எண்ணி நம்மைப் பற்றியே பேசினோமா? பேசிய பின்னர் ஒருமுறையேனும் திரும்பிச் சென்று, நான் உம்மைப் பற்றிச் சொன்னது சரியா என்று கேட்டோமா?

'பொறுக்குவோரும் பொறுக்குபவளும்', அதன் தொடர்ச்சியாகிய 'இரண்டு ஆண்டுகள் கழித்து' ஆகிய இரண்டையும் ஒருசேரப் பார்த்துக் கலந்துரையாடுமாறு இறையியல் மாணவர் குழுக்களுக்குப் பரிந்துரைக்கிறோம். முதற்படத்தை மட்டும் பார்த்தால் நல்லதோர் ஆவணப் படத்தைக் கண்ட நிறைவு கிடைக்கும். இரண்டாவதையும் பார்த்தால், நம் கடந்த ஆண்டு மறையுரைக் குறிப்பேட்டைத் திறந்து, அதில் உள்ள மனிதர் எவரெவர் வீட்டிற்கு நாம் மீண்டும் செல்ல வேண்டும் என்று பட்டியலிடத் தோன்றும்.